யாரும் அடிக்காத இரண்டு கோல்கள்

எங்கள் உதைபந்தாட்டக் கழகம் மலர் ஒன்று வெளியிடப் போகிறது. பழைய ஆட்டக்காரர்கள் தாங்கள் அடித்த கோல்களின் தொகையை ஒரு தாளில் எழுதித் தரவேண்டும் என்று செயலாளர் நிக்சன் கேட்டார். நானும் எழுதிக் கொடுத்தேன். இரண்டு நாள் கழித்து அவர் ஐஸ் கம்பனிக்கே தேடி வந்துவிட்டார். நான் இப்போது அங்கேதான் காவல் வேலை பார்க்கிறேன். தென்கரையில் ஓர் ஊரில் நடந்த அரையிறுதியில் நான் அடித்த இரண்டு கோல் தாளில் இல்லையே, மறந்துபோனீர்களா என்று கேட்டார்.

மறக்கவில்லை. அதைச் சொல்ல எனக்கு வாய் வரவில்லை. எனக்கு ஆட்களுக்கு முன்னால் கதைக்க வராது. பள்ளிக்கூடத்திலும் ஐந்தாம் வகுப்புக்கு மேல் இருக்கவில்லை. ஆனால் இந்த வருடம் எங்கள் கழகத்தில் இரண்டு பேர் கொழும்புக் கழகம் ஒன்றில் சம்பளத்துக்கு விளையாட ஒப்பந்தம் வைத்திருக்கிறார்கள். அந்தத் தாளை நிக்சன் எனக்குக் காட்டினார். படம், அடையாள அட்டை இலக்கம், தாய் தகப்பன் பெயர், எல்லாம் இருந்தது. நான் முதலில் பெயரைத்தான் பார்த்தேன். எழுத்துச் சரியா என்று இரண்டு தரம் பார்த்தேன். நிக்சன் சிரித்தார். அவர் சிரித்தபடியால்தான் இதை எழுதுகிறேன்.

இந்தக் கரையில் பந்து விளையாடிக் கூலி வாங்கின முதல் ஆள் நான் என்று சிலர் சொல்வார்கள். முதல் ஆளோ இரண்டாவதோ எனக்குத் தெரியாது. அந்தக் காலத்தில் அது பெருமையான காரியமாக இருக்கவில்லை. சொந்த ஊருக்கு விளையாடுகிறவன் வீரன், வேற்றூருக்குப் போய் விளையாடுகிறவன் கூலிக்காரன். என்னுடைய மாமாவே என்னோடு ஒரு வருடம் கதைக்கவில்லை.

நான் தலைமன்னாரில் பிறந்தவன், தீவு ஆள். பள்ளிக்கூடத்தை விட்டதும் கரைவலை இழுக்கப் போனேன். வலைக்கயிற்றை இடுப்பில் கொளுவிக்கொண்டு, மணலில் குதிக்காலை ஊன்றிப் பின்பக்கமாக நடந்து இழுக்கிற வேலை. வேலை முடிந்தால் அதே மணலில் பந்து. வேறு பயிற்சி கிடையாது. இருபது வயதில் முன்வரிசையில் விளையாடினேன். என்னைப் பிடிக்கக் கஷ்டம் என்று சொல்வார்கள். பின்பக்கமாக ஓடவும் நின்ற இடத்தில் திரும்பவும் கரைவலை எனக்குப் பழக்கியிருந்தது.

கிறகோரிச் சம்மாட்டி என்னைக் கண்டது, எனக்கு இருபத்தைந்து வயதில், பேசாலையில் ஓர் ஆட்டத்தில். எங்கள் தீவுக்கு அங்கால், பெருநிலத்துத் தென்கரையில் ஐந்து வள்ளம் வைத்திருந்தவர் அவர். அவருடைய ஊர்க் கழகத்துக்கும் அவர்தான் எல்லாம். ஆட்டம் முடிந்து நான் சப்பாத்தைக் கழற்றிக்கொண்டிருந்தேன். அவர் முன்னால் வந்து குந்தினார். என்னுடைய முகத்தைப் பார்க்கவில்லை. கெண்டைக்காலை இரண்டு விரலால் அமத்திப் பார்த்தார்.

“கரைவலையோ?” என்று கேட்டார்.

ஓம் என்றேன்.

“கயிறு எந்தப் பக்கம்?”

இடப்பக்கம் என்றேன்.

“அப்ப வலக்கால் ஊண்டுற கால். இடக்கால்தான் அடிக்கிற கால்,” என்று தனக்குத்தானே சொல்லிக்கொண்டு எழும்பினார். அந்த ஆட்டத்தில் நான் இடக்காலால் ஒருதரமும் அடிக்கவில்லை. பிறகு பழகிப் பார்த்தபோது அவர் சொன்னது சரியாக இருந்தது.

அவர் என்னைக் கூப்பிட்டது அவருடைய ஊர் வேதக் கோயில் பெருநாளை ஒட்டி நடக்கிற சுற்றுப்போட்டிக்கு. என்னை ஒரு வள்ளத்தின் ஆட்களில் ஒருவனாகச் சேர்த்துக்கொள்வது, கடலுக்கு அனுப்பாமல் வைத்திருப்பது, வள்ளம் கொண்டுவருகிற மீனில் மற்றவர்களுக்குக் கொடுக்கிற பங்கை எனக்கும் கொடுப்பது என்பது பேச்சு. அதனால் அந்த வள்ளத்தில் போகிறவர்களுக்கு என்னைக் கண்டால் எரிச்சல். விடிய அவர்கள் மீன் இறக்கும்போது நான் மணலில் ஓடிக்கொண்டிருப்பேன். “வாங்கோ பங்காளி, இண்டைக்கு எத்தினை மீன் உதைச்சனீங்கள்?” என்று கேட்பார்கள். குனிந்துகொண்டு போய் அவர்களோடு சேர்ந்து கூடை தூக்குவேன். சம்மாட்டி கண்டால் ஏசுவார். முதுகு பிடித்துவிடும் என்பார்.

அவர் சத்தம் போட்டு ஏசுகிற ஆள் இல்லை. குரல் பதிந்துதான் இருக்கும், கேட்பதற்கு நாங்கள் கிட்டப் போகவேண்டும். ஒருவரையும் புகழமாட்டார். ஆட்டக்காரர் எல்லாரும் கடற்கரையில் இருந்த அவருடைய கொட்டிலில், வாடியில்தான், தங்குவோம். எங்களுக்கு முதல் சாப்பாடு, அவர் கடைசியில் சாப்பிடுவார். ஆட்டத்தன்று காலை பிட்டும் மீன் சொதியும், அளவோடு. பிறகு கால் கட்டுகிற வேலை. அதை அவர் வேறு ஆளிடம் விடமாட்டார். பழைய நூல் சேலையை மூன்று விரல் அகலத்தில் கிழித்து, தண்ணீரில் நனைத்துப் பிழிந்து வைத்திருப்பார். ஐந்து வள்ளத்துச் சம்மாட்டி எங்களுக்கு முன்னால் முழங்காலில் நின்று, காலைத் தன் தொடையில் தூக்கி வைத்து, குதிக்குக் கீழால் இரண்டு சுற்று, பிறகு கணுக்காலுக்கு மேலால் குறுக்காக இரண்டு சுற்று, கடைசி முடிச்சு உள்பக்கம் வராமல் வெளிப்பக்கம். “நோகுதோ?” என்று கேட்பார். நோகவில்லை என்றால் அவிழ்த்து இன்னும் கொஞ்சம் இறுக்குவார். பதினொரு பேருக்கும் இப்படித்தான். அந்தக் கட்டோடு விளையாடின நாட்களில் என்னுடைய கணுக்கால் ஒருதரமும் பிரளவில்லை.

நான் பயந்தது வேறு காரியத்துக்கு. அந்தச் சுற்றுப்போட்டி கோயில் பங்குகளுக்கு, அதாவது ஒரு சுவாமியாருக்குக் கீழ் உள்ள ஊர்களுக்கு, இடையில் நடக்கிறது. பங்குக் கோயில் பதிவேட்டில் பெயர் உள்ளவர்கள் மட்டும்தான் விளையாடலாம். பெயர்ப் பட்டியலில் பங்குச் சுவாமியார் கையெழுத்து வைக்கவேண்டும். சுவாமியார் அந்தப் பங்குக்கு வந்து ஒரு மாதம்தான். இளம் ஆள். ஊர் முகங்கள் அவருக்குப் பிடிபடவில்லை. கோயில் மூப்பராக இருந்த சம்மாட்டி எழுதிக் கொடுத்ததை நம்பிக் கையெழுத்து வைத்தார். அந்தப் பட்டியலில் நான் இன்னாசி இல்லை. சூசைதாசன்.

சூசைதாசன் யார் என்று நான் கேட்டேன். பதினேழு வயதில் வள்ளத்தில் அக்கரைக்கு, இந்தியாவுக்கு, வெளிக்கிட்டுப் போனவன் என்றார். போய் ஒன்பது வருடம். போய்ச் சேர்ந்ததாகக் கடிதம் வரவில்லை. தாய் றோசம்மா முருங்கனில் மகளோடு இருக்கிறா. இப்படிப் போனவர்களின் பெயரில் ஆள் இறக்குவது அந்தப் பக்கத்துக் கழகங்களுக்குப் புதிது இல்லை. போன ஆள் வந்து ஏன் என்று கேட்கப் போவதில்லை. வயது சரியாக இருந்தால் காணும்.

“அவர் திரும்பி வந்தால், சம்மாட்டி?” என்று கேட்டேன்.

சிரித்தார். அவர் சிரித்ததை நான் கண்டது அந்த ஒரு தரம்தான். “வந்தால் நல்லது. உன்னை விட நல்லா விளையாடமாட்டான்,” என்றார். பிறகு சொன்னார், “காலை நீ பார், தம்பி. பேரை நான் பாக்கிறன்.”

தீவிலிருந்து பெருநிலத்துக்குப் போகும்போது சோதனைச் சாவடியில் நான் காட்டின அடையாள அட்டையில் இன்னாசி என்று இருந்தது. ஊருக்குள் வந்ததும் அதைச் சம்மாட்டி வாங்கித் தன்னுடைய தகரப் பெட்டியில் வைத்துப் பூட்டிவிட்டார். விளையாடுகிற இடத்தில் யாராவது எடுத்துப் பார்த்தால் பிழையாகப் போகும் என்றார். சண்டை நடந்த அந்த நாட்களில் அட்டை இல்லாமல் நாங்கள் தண்ணி அள்ளவும் போவதில்லை. அட்டை இல்லாத சட்டைப் பையை நான் ஒரு நாளைக்கு எத்தனை தரம் தொட்டுப் பார்த்தேன் என்று தெரியாது. தெருவில் சைக்கிள் சத்தம் கேட்டாலும் வாடிக்குள் போய்விடுவேன்.

இன்னொரு சிக்கலும் இருந்தது. சூசை என்று கூப்பிட்டால் நான் திரும்பமாட்டேன். ஆட்டத்தில் இது காட்டிக்கொடுத்துவிடும். அதற்காக ஒரு கிழமை வாடியில் எல்லாரும் என்னைச் சூசை என்றுதான் கூப்பிட்டார்கள். இடையில் ஒருவன் இன்னாசி என்பான். நான் திரும்பிவிட்டால் வாடியைச் சுற்றி ஐந்து தரம் ஓடவேண்டும். அவர்களுக்கு அது நல்ல பகிடி. முதல் நாள் முழுக்க ஓடினேன். கிழமை முடியும்போது சூசை என்றால் திரும்பினேன், இன்னாசி என்றால் நிற்காமல் போனேன். நல்லாகப் பழகிவிட்டாய் என்றார்கள். எனக்கு அது நல்லதாகப் படவில்லை.

அரையிறுதி அன்று காலை பூசை. முடிவில் சுவாமியார் அணியின் பெயர்களை ஒவ்வொன்றாக வாசித்து ஆசீர்வதித்தார். சூசைதாசன் என்றதும் நான் எழுந்து நின்றேன். நற்கருணை அப்பத்தை, நன்மையை, எடுக்கப் போகாமல் வாங்குப் பலகையில் இருக்க நினைத்தேன். பொய்ப் பெயரோடு எப்படிப் போவது? சம்மாட்டி பின்னால் வந்து, எடுக்காமல் இருந்தால் சனம் பார்க்கும் என்று காதுக்குள் சொன்னார். போய் எடுத்தேன். சுவாமியார் என்னைப் பார்த்துச் சிரித்தார்.

மைதானம் கடற்கரையோடு இருந்தது. பனை மரங்களிலும் கோயில் கோபுரத்திலும் ஒலிபெருக்கிக் குழாய் கட்டியிருந்தார்கள். காற்று வாகாக இருந்தால் அடுத்த ஊருக்கும் கேட்கும். அறிவிப்பாளருக்கு நீட்டி இழுக்கிற குரல். முதற்பாதியில் வலப்பக்கத்தால் வந்த பந்தை நான் இடக்காலால் அடித்தேன். கோல் காப்பாளர் மற்றப் பக்கம் விழுந்தார். “கோலைப் போட்டவர் எங்கள் பங்கின் மைந்தன், சூசைதாசன், சூசைதாசன்,” என்று ஒலிபெருக்கி சொன்னது. இரண்டாம் பாதியில் இன்னொன்று. அந்தத் தரம் பெயரை மூன்று முறை சொன்னார். என்னைத் தோளில் தூக்கினார்கள். நான் இறக்கிவிடச் சொல்லிக் கெஞ்சினேன். உயரத்தில் இருந்தால் எல்லாரும் முகத்தைப் பார்ப்பார்கள் என்று பயம்.

ஆட்டம் முடிய ஐந்து நிமிடம் இருக்கும். தெருப்பக்கமிருந்து ஒரு பெண்மணி மைதானத்தின் ஓரத்துக்கு வந்தா. ஒரு கையில் செருப்பு, மற்றக் கையை வெயிலுக்காக நெற்றியில் வைத்திருந்தா. எல்லைக் கோட்டில் நின்று பார்த்தா. நான் அவவுக்கு முன்னால் பந்தோடு ஓடிப்போய்த் திரும்பி வந்தேன். ஊர்ச் சனத்தில் ஒரு ஆள் என்றுதான் நினைத்தேன். ஆனால் சம்மாட்டி எழுந்து நின்றதைக் கண்டேன். அவர் ஆட்டம் முடியுமுன் எழும்புகிறவர் இல்லை. விசில் ஊதினதும் கையைப் பிடித்து இழுத்துக்கொண்டு போய் என்னை உழவு இயந்திரப் பெட்டியில் ஏற்றினார். சப்பாத்தும் கழற்றவில்லை. வாடிக்குப் போகிற வழியில்தான் சொன்னார்.

“தாய் வந்திட்டா.”

றோசம்மா பெருநாளுக்காக முதல்நாள்தான் முருங்கனிலிருந்து வந்திருந்தா. வீடு ஊரின் கடைசியில், உப்புவெளிப் பக்கம். காரியம் பாதி ஊருக்குத் தெரியும். தாய்க்கு வேறு யாராவது சொல்லியிருப்பார்கள் என்று ஒவ்வொருவரும் நினைத்துக்கொண்டார்கள். ஒருவரும் சொல்லவில்லை. அவ வீட்டுக்குள் இருந்து ஒலிபெருக்கியில் மகனுடைய பெயரைக் கேட்டிருக்கிறா. ஒன்பது வருடத்துக்குப் பிறகு.

அன்று பின்னேரம் அவ கண்டவர்களை எல்லாம் கேட்டிருக்கிறா, என்ரை மகன் எங்கே என்று. உண்மையைச் சொன்னால் கிண்ணம் போய்விடும். யாரோ ஒருவர், ஆள் வேலையாகத் தீவுக்குப் போயிட்டான், இறுதியாட்டத்துக்கு வருவான் என்று சொல்லிவிட்டார். அடுத்த ஆளும் அதையே சொன்னார். மறுநாள் அவ ஆள் பிடித்து வீட்டு வேலியைப் புது ஓலை வைத்து அடைப்பித்தா. இதை வாடியில் ஒருவன் சொல்லக் கேட்டபோது சோற்றுக் கோப்பையை வைத்துவிட்டு எழும்பினேன். ஓடிப்போய்விடலாம் என்று யோசித்தேன். அட்டை பெட்டிக்குள் இருந்தது.

அரையிறுதியில் தோற்ற எதிரணியின் செயலாளருக்கும் கதை போய்விட்டது. என்னைத் தலைமன்னாரில் கண்ட ஆள் ஒருவர் அவர்களிடம் இருந்தார். எழுத்தில் முறைப்பாடு கொடுத்தார்கள். செவ்வாய்க்கிழமை காலை, சுவாமியார் தங்கும் அறைவீட்டில் விசாரணை என்று சொல்லி அனுப்பினார்கள். தாயையும் கூப்பிட்டிருந்தார்கள்.

போகிறதுக்கு முன் சம்மாட்டி என்னிடம் சொன்னார், “கேள்விக்கு நான் மறுமொழி சொல்லுவன். நீ வாய் திறக்காதை. தலையை ஆட்டினால் காணும்.”

“அந்த அம்மாவுக்கு, சம்மாட்டி?” என்று கேட்டேன்.

“சொல்லியாச்சு. வீட்டுக்காரி போனவ,” என்றார்.

அவருடைய மனைவி போனது உண்மை. றோசம்மா கொடுத்த தேத்தண்ணியைக் குடித்துவிட்டு, புது வேலியைப் பார்த்துவிட்டு, ஒன்றும் சொல்ல முடியாமல் திரும்பி வந்திருக்கிறா. வந்து புருசனிடம் சொல்லிவிட்டேன் என்றிருக்கிறா. இது எங்களுக்குப் பிறகுதான் தெரிந்தது.

அறைவீட்டில் ஒரு நீள மேசை. சுவாமியார் நடுவில். இரண்டு பக்கமும் போட்டிக் குழுவில் இரண்டு பேர். எதிரணிச் செயலாளர் கதிரையில் இருந்தார். சம்மாட்டிக்கும் கதிரை போட்டிருந்தார்கள், அவர் இருக்கவில்லை. நான் நீளக் காற்சட்டை போட்டு, கையைப் பின்னால் கட்டிக்கொண்டு நின்றேன். பெயரைக் கேட்டார்கள். சூசைதாசன் என்று சம்மாட்டி சொன்னார். நான் தலையை ஆட்டினேன். அடையாள அட்டை எங்கே என்று செயலாளர் கேட்டார். கடலில் விழுந்துவிட்டது, புதிதுக்கு எழுதிப் போட்டிருக்கிறது என்று சம்மாட்டி சொன்னார். அதற்கும் தலையை ஆட்டினேன். அப்போது றோசம்மா வந்தா.

மெலிந்த ஆள். பெருநாளுக்குக் கட்டுகிற சேலை கட்டியிருந்தா. சுவாமியாருக்குக் கும்பிட்டுவிட்டு, நேரே எனக்கு முன்னால் வந்து நின்றா. கிட்ட நின்று பார்த்தா. சுவாமியார் கேட்டார், “அம்மா, இவர் உங்கட மகன் சூசைதாசனோ?”

அவ இன்னும் என்னையே பார்த்துக்கொண்டு நின்றா. அந்த நேரம் எனக்காக வைக்கப்பட்ட நேரம் என்று இன்றைக்கும் நினைக்கிறேன். நான் ஒரு சொல்லுச் சொல்லியிருந்தால் அவ்வளவோடு முடிந்திருக்கும். பக்கத்தில் சம்மாட்டி தொண்டையைச் செருமினார். நான் நிலத்தைப் பார்த்தேன்.

“சுவாமி, போகேக்கை அவனுக்கு மீசை இல்லை,” என்றா றோசம்மா. “என்ரை கண்ணும் இப்ப வடிவாத் தெரியிறேல்லை. வலக்காலிலை திருக்கை குத்தின தழும்பு ஒண்டு இருக்கு. பாக்கட்டோ?”

சுவாமியார் என்னைப் பார்த்தார். நான் தலையை ஆட்டினேன். சம்மாட்டி சொன்னதுக்கெல்லாம் ஆட்டின அதே ஆட்டல். ஏன் ஆட்டினேன் என்று கேட்டால் எனக்குச் சொல்லத் தெரியாது.

அவ முழங்காலில் நின்றா. என்னுடைய வலக்காற்சட்டையை மடித்து மடித்து மேலே ஏற்றினா. பெருவிரலால் கணுக்காலிலிருந்து முழங்கால் வரை தடவிப் பார்த்தா. பிறகு பின்பக்கம். பிறகு திரும்பவும் முன்பக்கம். மேசைக்கு அந்தப் பக்கம் சுவாமியார் எழுந்து நின்றார். அவ நிமிராமலே சொன்னா, “இடமோ வலமோ, நான்தான் மறந்துபோனனோ தெரியேல்லை.” சொல்லிக்கொண்டு இடக்காற்சட்டையை மடிக்கத் தொடங்கினா.

அந்த இடத்தில்தான் எனக்கு வாய் வந்தது.

“அம்மா, நான் இல்லை. என்ரை பேர் இன்னாசி. தலைமன்னார்.”

அவவுடைய கை நின்றது. பிறகு மடித்த இரண்டு காலையும் ஒவ்வொன்றாகக் கீழே இறக்கி, சுருக்கம் இல்லாமல் இழுத்துவிட்டா. மேசைக் காலைப் பிடித்து எழும்பினா. “அப்ப நான் போறன், சுவாமி,” என்று சொல்லிவிட்டுப் போனா. வாசலில் செருப்பைப் போட மறந்து, கையில் எடுத்துக்கொண்டு போனா.

கழகத்தைப் போட்டியிலிருந்து நீக்கினார்கள். எனக்கு அந்தக் கரையில் இரண்டு வருடத் தடை. சம்மாட்டி மூப்பர் பதவியை விட்டார். அன்று அவர் முன்னால் நடக்க, நான் பின்னால் வாடிக்குத் திரும்பி வந்தேன். ஏசுவார் என்று எதிர்பார்த்தேன், ஏசினால் நல்லது என்றும் நினைத்தேன். தகரப் பெட்டியைத் திறந்து அட்டையை எடுத்து நீட்டினார். “இந்தா, உன்ரை பேர்,” என்றார். என்னுடைய பங்கையும் குறையாமல் கொடுத்தார். அதன் பிறகு அவர் என்னைக் கூப்பிடவும் இல்லை, நான் போகவும் இல்லை. மற்றச் சம்மாட்டிமாரிடம் பிறகு விளையாடினபோது என்னுடைய காலை நானே கட்டினேன். அவர் கட்டினமாதிரி வரவில்லை.

தடை முடிந்தபோது சுற்றுப்போட்டி விதியை மாற்றியிருந்தார்கள். ஓர் அணியில் இரண்டு வெளியூர் ஆட்டக்காரர் சொந்தப் பெயரில் விளையாடலாம். என்னுடைய காரியத்துக்குப் பிறகுதான் மாற்றினார்கள் என்று சொல்வார்கள். நான் பத்து வருடத்துக்கு மேல் கூலிக்கு விளையாடினேன், முழங்கால் விடும்வரை. வேறு ஊர்களில் நல்ல ஆட்டங்கள் இருந்தன, கிண்ணங்களும் எடுத்தோம். அவற்றை மற்றவர்கள் மலரில் எழுதுவார்கள். ஆனால் ஒரு பழக்கம் என்னை விடவில்லை. ஒலிபெருக்கியில் யாருடைய பெயரைச் சொன்னாலும் நான் தெருப்பக்கம் பார்ப்பேன், யாராவது வருகிறார்களா என்று. இப்போதும் எங்கள் கழக ஆட்டம் என்றால் தொடங்க முதல் அறிவிப்பாளரின் மேசைக்குப் போய், பட்டியலில் உள்ள பெயரும் நிற்கிற ஆளும் ஒன்றா என்று பார்க்கிறேன். “இன்னாசியண்ணை, பதறாதேங்கோ, எல்லாம் கம்பியூட்டரிலை இருக்கு,” என்று நிக்சன் சொல்வார். இருக்கட்டும், நான் பார்த்துவிட்டுப் போகிறேன் என்பேன்.

தடை முடிந்த வருடம் அந்த ஊருக்கு எதிரணியில் விளையாடப் போனேன். சொந்தப் பெயரில். ஆட்டத்துக்கு இரண்டு மணித்தியாலம் இருக்கும்போது றோசம்மாவின் வீட்டுக்குப் போனேன். அவ முருங்கனுக்குத் திரும்பிப் போகவில்லை என்று கேள்விப்பட்டிருந்தேன். வேலி ஓலை வெளுத்திருந்தது. படலைக்கு வெளியே எவ்வளவு நேரம் நின்றேன் என்று தெரியாது. அவதான் என்னைக் கண்டு, “ஆர் அது?” என்று கேட்டா. பெயரைச் சொன்னேன். உள்ளே வரச் சொன்னா. முற்றத்தில் பாய் விரித்துக் கருவாடு காயப்போட்டிருந்தா. ஒவ்வொன்றாகத் திருப்பிப் போட்டுக்கொண்டே கதைத்தா. நான் மன்னிப்புக் கேட்பதற்காக வழி முழுக்கச் சொல்லிப் பழகிக்கொண்டு போனது ஒன்றும் வாயில் வரவில்லை. நானும் குந்தியிருந்து கருவாட்டைத் திருப்பினேன்.

அந்த இரண்டு கோலையும் எப்படி அடித்தாய் என்று அவ கேட்டா. பந்து எந்தப் பக்கத்தால் வந்தது, காப்பாளர் எந்தப் பக்கம் விழுந்தார், நான் ஏன் இடக்காலால் அடித்தேன், எல்லாம் சொன்னேன். என்னுடைய ஆயுளில் நான் ஒரு ஆளிடம் அவ்வளவு நேரம் கதைத்தது அன்றுதான். அவ கேட்டுக்கொண்டிருந்துவிட்டுச் சிரித்தா.

“அவனுக்குப் பந்தெண்டால் பயம், தம்பி. பள்ளிக்கூடத்திலை பந்து வந்தால் கிணத்தடிக்குப் பின்னாலை போய் ஒளிக்கிறவன். நீ எனக்கு முன்னாலை ஓடின ஓட்டத்திலையே எனக்கு விளங்கிட்டுது, இது அவன் இல்லையெண்டு.”

அப்படியென்றால் ஏன் எல்லாரிடமும் மகன் எங்கே என்று கேட்டீர்கள் என்றேன்.

“ஊர் முழுக்க அவன்தான், அவன்தான் எண்டு சொல்லேக்கை, நான் என்ரை கண்ணையோ நம்புறது?” என்றா.

கேட்கக்கூடாது என்று தெரிந்தும் கேட்டேன், “அறைவீட்டிலை என்னைக் கிட்ட நிண்டு பாத்தனீங்கள். அப்ப தெரிஞ்சிருக்கும்தானே, அம்மா. பிறகு ஏன் குனிஞ்சு காலைப் பாத்தனீங்கள்?”

அவ ஒரு கருவாட்டை எடுத்துத் திருப்பிப் போட்டா.

“பாக்காமல் எப்பிடி விடுறது, தம்பி?” என்றா.

நிக்சன், அந்த இரண்டு கோலையும் நான் அடிக்கவில்லை. சூசைதாசனும் அடிக்கவில்லை. மலரில் தொகையை நான் எழுதித் தந்தபடியே போடுங்கள்.